உட்காரும் நாள்

ஜனவரி 3

இன்று உட்கார்ந்தேன்.

மற்றவர்களுக்கு இது ஒரு செய்தியா? எனக்குச் செய்தி. ஆறு மாதத்துக்கு ஒரு முறை வருகிற செய்தி. முதுகுத்தண்டில் இரண்டு தடவை கத்தி வைத்த பிறகு ஆள் பிடித்தால் என்னால் நிற்க முடியும், படுக்க முடியும், உட்கார மட்டும் முடியாது. கர்த்தர் எனக்குக் கொடுத்திருப்பதோ உட்கார்ந்து பார்க்கிற வேலை. கருக்கன்விளை கிளைத் தபால் ஆபீசின் போஸ்ட்மாஸ்டர் நான்.

ஆபீஸ் என்றால் என் வீட்டு முன்னறைதான். வேலையை வாங்குகிறவரே இடமும் கொடுக்க வேண்டும் என்பது சட்டம். நடுவில் ஒரு கதவு. கதவுக்கு அந்தப் பக்கம் சர்க்கார், இந்தப் பக்கம் என் கட்டில்.

ஆறு மாதத்துக்கு மேல் ஒரே மூச்சாக லீவு எடுத்தால் வேலை போய்விடும். அதனால் கெடு முடிகிற அன்று எழுந்து போய் ஒரு நாள் முழுக்க நாற்காலியில் உட்கார்ந்து காட்டுவேன். மறுநாளிலிருந்து புது லீவு. நாலு வருஷமாக இப்படித்தான் ஓடுகிறது. ஊரில் இதற்கு ‘போஸ்ட்டம்மா உக்காருத நாள்’ என்று பெயரே வந்துவிட்டது, கோவில் கொடைத் திருவிழா மாதிரி.

மற்ற நாளெல்லாம் அந்த நாற்காலியில் இருப்பவள் முத்துப்பேச்சி. லீவு போடுகிறவர் தனக்குப் பதிலாளைத் தானே பார்த்துக் கொடுக்க வேண்டும். நான் பார்த்துக் கொடுத்த ஆள் அவள். மேலத்தெருவில் பீடி சுற்றிக்கொண்டிருந்தவளை, பத்தாவது பாஸ் என்று கேள்விப்பட்டுக் கூப்பிட்டேன். புருஷன் எர்ணாகுளத்தில் ஓட்டல் வேலை, நினைத்தால் வருவான். மகள் பிளஸ் டூ படிக்கிறாள்.

காலையில் பேச்சி எனக்கு முதுகுக்கு ஒன்று, இடுப்புக்கு ஒன்று என்று தலையணை வைத்து நாற்காலியில் இறக்கினாள். மத்தியானத்துக்குள் என் வலது கால் என்னுடையதாக இல்லை. அந்த நேரம் பார்த்து ஓய்வூதியம் வாங்க வந்த பூலான் தாத்தா என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, “பேச்சி இல்லியா?” என்றார்.

“நான்தான் தாத்தா போஸ்ட்மாஸ்டர்.”

“அது சரி. பேச்சி எப்பம் வருவா?”

சாயங்காலம் என்னைக் கட்டிலில் போட்டபோது அழுதுவிட்டேன். வலியில் என்று பேச்சி நினைத்துக்கொண்டாள். நானும் அப்படியே இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

ஜனவரி 4

லீவு ஆரம்பம். மாத்திரை. தூக்கம்.

ஜனவரி 19

படுத்துக்கொண்டே ஆபீசைக் கேட்கிறேன். பார்க்க முடியாவிட்டாலும் எல்லாம் தெரிகிறது. பேச்சி முத்திரை குத்தினால் ‘டக்’ என்று ஒரு சத்தம், நின்று யோசித்து இன்னொரு சத்தம். நான் குத்தினால் கல்யாண மேளம் போல இருக்கும். இவளுக்கு அவ்வளவு பயம், தேதி தலைகீழாக விழுந்துவிடுமோ என்று.

காட்டுவேலை பார்த்துப் பார்த்து ரேகை அழிந்துபோன கிழவிகளின் பெருவிரலைக் கைமெஷின் ஏற்க மாட்டேன் என்கிறது. “தலைமுடில நல்லா தேச்சிட்டு வைங்க பெரியம்மா. ஒண்ணும் அவசரமில்ல. மெஷினு எங்க போயிரப்போவுது?” என்கிறாள். நானாக இருந்தால் மூன்றாவது தடவைக்குக் கத்தியிருப்பேன். முப்பது வருஷம் கத்தியிருக்கிறேன். அதனால்தான் எல்லோரும் பேச்சி எங்கே என்று கேட்கிறார்கள் போலிருக்கிறது.

பொறாமையா என்று கேட்டால் ஆமாம். என் டைரியில் நான் பொய் எழுதுவானேன்?

பிப்ரவரி 11

சண்டை.

முன்னறை அலமாரியை ஜன்னல் பக்கம் தள்ளியிருக்கிறாள், வெளிச்சம் வருகிறதாம். என்னிடம் கேட்கவில்லை. இழுக்கிற சத்தம் கேட்டுத்தான் எனக்கே தெரியும். வாய்க்கு வந்தபடி பேசினேன். கடைசியில், “ஒனக்கு என் நாற்காலி மேலதாம்டி கண்ணு. நான் எப்பம் சாவேன்னு பாத்துக்கிட்டு இருக்க” என்றேன்.

வாசலில் மூன்று பேர் நின்றிருந்தார்கள். எல்லோருக்கும் கேட்டிருக்கும்.

பேச்சி அவர்கள் வேலையை முடித்து அனுப்பிவிட்டு உள்ளே வந்தாள். இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்றாள்.

“நாற்காலி மேல கண்ணு இல்லாம இருக்குமாக்கா? நாலு வருசமா அதுலதான உக்காந்திருக்கேன். ஆசயாத்தான் இருக்கு. ஆனா நீங்க செத்து எனக்கு அது வேண்டாம். இன்னொருக்க அப்பிடிச் சொன்னிய, சோத்துல உப்பு போட மாட்டேன், பாத்துக்கிடுங்க.”

சொல்லிவிட்டு என்னை ஒருக்களித்துப் படுக்க வைத்து, முதுகைத் துடைத்து, பவுடர் போட்டாள். இரவுத் துணைக்கு என் மதினி வருவாள். பகலில் என் உடம்பைத் தொடுகிற ஒரே ஆள் இவள். இது சர்க்கார் வேலையில் சேராது. நான் கேட்டதும் இல்லை.

அலமாரி ஜன்னல் பக்கமே இருக்கட்டும்.

பிப்ரவரி 12

சோற்றில் உப்பு இருந்தது.

பிப்ரவரி 27

ஓசூரிலிருந்து ஆல்வின் போன். “வேலய விட்டுட்டு இங்க வாங்கம்மா, இன்னும் எத்தன நாளு இந்த நாடகம்?” என்றான். என் மகன் பேசினால் எப்போதும் நியாயமாகத்தான் இருக்கும். அதனாலேயே எரிச்சல் வரும்.

இன்று பேச்சி தலைக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டாள். பலகையில் படுக்கப் போட்டு, ஒரு கையால் கழுத்தைத் தாங்கிக்கொண்டு. கண்ணில் சீயக்காய் போகாமல் உள்ளங்கையால் நெற்றியில் அணை கட்டினாள். என் அம்மாவுக்குப் பிறகு யாரும் எனக்கு அப்படிச் செய்ததில்லை. அவளிடம் சொல்லவில்லை. “தண்ணி ஆறிப்போச்சிட்டி, சீக்கிரம்” என்றுதான் சொன்னேன்.

மார்ச் 14

ஓவர்சியர் சிதம்பரநாதன் வந்தார். மாதம் ஒரு முறை பைக்கில் வந்து கிளை ஆபீஸ்களைப் பார்த்துவிட்டுப் போகிறவர். நல்ல மனிதர்தான், எல்லாவற்றுக்கும் சிரிப்பார். நான் தூங்குகிறேன் என்று இரண்டு பேரும் நினைத்திருப்பார்கள்.

“சார், ஒண்ணு கேக்கட்டுமா? நாலு வருசம் ஆயிட்டு. இந்த வேல எனக்கு நிரந்தரமாவுததுக்கு ஏதும் வழி இருக்கா?”

“ஒனக்கா? நீ அவுட்சைடர்லாம்மா.”

“அப்பிடின்னா?”

“வெளியாளு. பதிலாளுக்கு ஆபீஸ்ல அப்பிடித்தான் சொல்றது. தப்பா எடுத்துக்காத.”

“நாலு வருசமா உள்ளதான சார் உக்காந்திருக்கேன்” என்று பேச்சி சிரித்தாள். அவரும் சிரித்தார்.

“இப்பல்லாம் ஆன்லைன்மா. பத்தாவது மார்க்க வச்சு மெஷினே ஆள் எடுக்கும். ஒன் மார்க்கு என்ன?”

பேச்சி ஏதோ மெதுவாகச் சொன்னாள். ஓவர்சியர் இந்தத் தடவை சிரிக்கவில்லை.

பைக் போன பிறகு பின்பக்கம் தண்ணீர் மொள்ளுகிற சத்தம் கேட்டது. அப்புறம் காப்பியோடு வந்தாள். முகம் கழுவியிருந்தாள்.

“என்னட்டி, வேர்வையா?”

“ஆமாக்கா. என்ன வெக்க!”

மார்ச் 16

யோசித்துக்கொண்டே இருக்கிறேன். படுத்திருப்பவளுக்கு வேறென்ன வேலை?

எனக்கு இந்த வேலை எப்படிக் கிடைத்தது? நான் கல்யாணமாகி வந்த புதிது. பழைய போஸ்ட்மாஸ்டர் ஓய்வு பெறுகிற சமயம். தபால் இன்ஸ்பெக்டர் புல்லட்டில் வந்து இறங்கி, “ஊர்ல படிச்ச ஆளு யாரு? ரோட்டுப் பக்கம் முன்னறை யாரு வீட்ல இருக்கு?” என்று கேட்டார். பழையவர் என் வீட்டைக் கை காட்டினார். அவ்வளவுதான். போகிறவர் காட்டினார், வருகிறவள் வந்தாள்.

ஆன்லைன், மெஷின் என்று ஓவர்சியர் சொல்வதெல்லாம் ஆளே இல்லாத ஊருக்கு. இங்கேதான் ஆள் உட்கார்ந்திருக்கிறாளே. லீவுக்கு நான் கை காட்டிய ஆளை வாய் பேசாமல் ஏற்றுக்கொள்கிற சர்க்கார், நிரந்தரத்துக்கு மட்டும் மாட்டேன் என்றா சொல்லும்? அவளுக்கு வழி இல்லாமல் இல்லை. வழியை அடைத்துக்கொண்டு ஒருத்தி கட்டிலில் கிடக்கிறாள்.

மார்ச் 30

பேச்சியே இன்று பேச்செடுத்தாள். ஜூலையில் அடுத்த உட்காருகிற நாள் வருகிறது.

“இப்பமே பயப்படாதியக்கா. ஒரு நாளுதான. காத்தடிக்கிற மெத்த ஒண்ணு இருக்காம், நடுவுல ஓட்ட போட்டு. மக போன்ல காட்டினா. வாங்கி வச்சிருவோம். நீங்க அந்த ஒரு நாளு மட்டும் உக்காந்து குடுங்க, மிச்சத்த நான் பாத்துக்கிடுதேன்.”

“இப்படியே எத்தன வருசம்டி?”

“ஒங்களுக்கு ரிட்டயரு ஆவுத வரைக்கும். இன்னும் ஆறு வருசம் கெடக்குல்லா? அதுக்குள்ள எம்மவ படிச்சு முடிச்சிருவா. எனக்கு அது போதும்.”

போதுமாம். பெரிதாக ஆசைப்படவே பயப்படுகிறாள். ஆறு வருஷம் கழித்து என்னோடு சேர்ந்து இவளும் வெறுங்கையோடு இறங்குவதா? எனக்குக் கோபம் வந்தது. “ஒனக்குன்னு ஒரு எடம் வேணும்னு தோணாதா?” என்று கேட்டேன்.

“தோணும். தோணி என்ன செய்ய?” என்று சொல்லிவிட்டுத் தபால் பை கட்டப் போய்விட்டாள்.

ஏப்ரல் 18

பாளையங்கோட்டை டாக்டர். வேனில் படுத்தபடி போய், படுத்தபடி வந்தேன். இனிமேல் உட்காருகிற பேச்சே வேண்டாம் என்றார். உட்கார்ந்தால் என்ன ஆகும் என்று கேட்டேன். நிற்கிறதும் போய்விடும் என்றார்.

பேச்சியிடம் முதல் பாதியை மட்டும் சொன்னேன்.

ஏப்ரல் 19

நிற்கிறது போனால் போகட்டும் என்று ஒரு நிமிஷம் தோன்றியது. ஒரு நிமிஷம்தான். அப்புறம் பயந்துவிட்டேன்.

மே 6

எழுதிவிட்டேன்.

இரண்டு வரி ராஜினாமா. உடல்நிலை காரணமாக வேலையிலிருந்து விலகுகிறேன். அதற்குக் கீழே, நாலு வருஷமாக என் இடத்தில் பழுதில்லாமல் வேலை பார்த்துவரும் முத்துப்பேச்சியை நியமிக்கும்படி பணிவோடு கேட்டுக்கொள்கிறேன் என்று எழுதினேன். அந்த வரியை எழுதும்போது நெஞ்சு லேசாக இருந்தது. எத்தனையோ நாளைக்குப் பிறகு நான் ஒருத்திக்கு ஏதோ கொடுக்கிறேன்.

இன்ஸ்பெக்டர் பெயரில் கவரை ஒட்டிப் பேச்சியிடம் நீட்டினேன்.

“என்னக்கா இது?”

“மெடிக்கல் சர்ட்டிபிகேட். ரிஜிஸ்தர் தபால்ல போடு.”

கதவுக்கு அந்தப் பக்கம் முத்திரை விழுந்தது. டக். யோசித்து, இன்னொரு டக். எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. தன் வேலைக்குத் தானே முத்திரை குத்துகிறாள், அது அவளுக்குத் தெரியவில்லை.

ஆர்டர் வருகிற அன்று அவள் முகத்தைப் பார்க்க வேண்டும். அதுவரை மூச்சு விடக் கூடாது. ஆல்வினிடம்கூடச் சொல்லவில்லை.

மே 15

“என்னக்கா, இப்பமெல்லாம் சிரிச்ச மேனிக்கு இருக்கிய? மாத்திரைய மாத்திட்டாரா டாக்டரு?” என்கிறாள்.

“ஆமா. மாத்திட்டாரு.”

மே 24

பேச்சியின் மகள் பிளஸ் டூ பாஸ். திருநெல்வேலியில் காலேஜ் சேர்க்கப் போகிறாள். “வேல இருக்கற தைரியத்துலதான் சேக்கேன்” என்றாள் பேச்சி. “நல்லா சேரு, தைரியமா சேரு” என்றேன். எனக்கே என்னை ரொம்பப் பிடித்திருந்தது இன்று.

ஜூன் 2

காற்றடிக்கிற மெத்தை வந்துவிட்டது. பேச்சி வாங்கி வந்து, வாயாலேயே ஊதி, அழுத்திப் பார்த்து, தானே முதலில் உட்கார்ந்து காட்டினாள். “மேகம் மாதிரி இருக்குக்கா! டாக்டரு வேண்டாம்னாலும் இதுல ஒரு நாளு உக்காந்திரலாம்.”

இதை என்ன செய்வது என்று எனக்குத் தெரியவில்லை. அலமாரிக்கு மேலே வைக்கச் சொன்னேன்.

ஜூன் 12

எழுத முடியுமா என்று தெரியவில்லை. நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

பதினொரு மணிக்கு மேல் ஓவர்சியர் வந்தார், கூடவே மணல்குண்டு கிளை ஆபீஸ் போஸ்ட்மாஸ்டரும். சிரிப்பு இல்லை. “பேச்சியம்மா, கணக்க முடிச்சிக்க. இன்னையோட சார்ஜ இவர்ட்ட ஒப்படைக்கணும்” என்றார்.

“எதுக்கு சார்? என்ன தப்பு செஞ்சேன்?”

“ஒண்ணும் தப்பு செய்யலம்மா. போஸ்ட்மாஸ்டரம்மா ராஜினாமா குடுத்தாங்கல்ல, ஏத்துக்கிட்டாச்சு. புது ஆள் வர்ற வரைக்கும் மணல்குண்டுக்காரரு ரெண்டு மணி நேரம் வந்து பாப்பாரு.”

“ராஜினாமாவா? யாரு? அக்காவா?”

நான் கட்டிலிலிருந்து கத்தினேன். “சார், உள்ள வாங்க! பேச்சிக்குத்தான போடச் சொன்னேன்! எழுதியிருந்தேன்லா!”

உள்ளே வந்தார். தொப்பியைக் கழற்றிக்கொண்டு நின்றார்.

“அந்த வரிய யாரும்மா பாப்பாங்க? அப்படி எழுதுறதுக்கு நமக்கு அதிகாரம் இல்லியே. ஒரு வார்த்த என்கிட்ட கேட்டிருக்கலாம்லா?”

“லீவுக்கு நான் சொன்ன ஆளைத்தான வச்சிய?”

“லீவுக்கு சரி. பதிலாள்னா யாருக்கோ பதிலா இருக்குற ஆளு. அந்த யாரோ பேரு ரிஜிஸ்தர்ல இருக்கற வரைக்கும்தான் இவங்க. நீங்க லீவுல இருந்தா இவங்க இருக்கலாம். நீங்களே இல்லன்னா இவங்க யாருக்குப் பதில்?”

எனக்கு அப்போதுதான் புரிந்தது. அப்போதும்கூட முழுசாகப் புரியவில்லை. “அப்பம் காலியா இருக்க எடம்தான இது? அதுல இவள உக்கார வைங்க” என்றேன்.

“காலின்னு ஆயிட்டா அது ஊர் எடம் இல்லம்மா, தமிழ்நாடு பூரா போட்டி. பத்தாவதுல எவ்வளவு மார்க்குன்னு மட்டும்தான் பாக்கும். இந்தம்மா மார்க்குக்கு…” என்று சொல்லி நிறுத்திக்கொண்டார்.

பேச்சி கதவில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். திரும்பிப் போய் முத்திரை, கைமெஷின், சாவிக்கொத்து எல்லாவற்றையும் ஒவ்வொன்றாக எடுத்து வைத்தாள். சார்ஜ் ஒப்படைத்ததில் அவள் கையெழுத்து கேட்கவில்லை. என் கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள்.

அவர்கள் போன பிறகு மேஜையைத் துடைக்கிற சத்தம் கேட்டது. பிறகு உள்ளே வந்தாள்.

“அக்கா, அன்னைக்கு ஒரு கவரு தந்திய. மெடிக்கல் சர்ட்டிபிகேட்டுன்னு.”

“ஒனக்காகத்தாம்டி. ஒனக்கு ஆயிரும்னு நெனச்சேன்.”

தலையை ஆட்டினாள். எனக்கு மாத்திரையும் தண்ணீரும் கொடுத்தாள். மதினி வரும்வரை இருந்துவிட்டுத்தான் போனாள்.

ஜூன் 13

பேச்சி வரவில்லை.

ஜூன் 14

வரவில்லை.

ஜூன் 17

ராஜினாமாவைத் திரும்ப வாங்குகிறேன் என்று எழுதிப் போட்டேன். மதினி டவுனுக்குப் போய்ப் போட்டு வந்தாள். ஆல்வினுக்கு விஷயம் தெரிந்துவிட்டது. “ஒருத்தர்ட்டயாவது கேட்டிங்களாம்மா?” என்றான். கேட்கவில்லை. கேட்டால் கெட்டுப்போகும் என்று நினைத்தேன். எதுவோ அதிசயம் நிகழ்த்தப் போகிறவள் மாதிரி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்துக்கொண்டு கிடந்தேனே, அதை நினைத்தால்தான் வெட்கம் பிடுங்கித் தின்கிறது.

ஜூன் 29

ஏற்றுக்கொண்ட ராஜினாமாவைத் திரும்பப் பெற வழி இல்லையாம்.

மணல்குண்டுக்காரர் மத்தியானம் வந்து ஜன்னலைத் திறக்காமலேயே வேலை பார்த்துவிட்டுப் போகிறார். பூலான் தாத்தா இரண்டு தடவை வந்து திரும்பிப் போனார். விரல் ஏறவில்லையாம்.

ஜூலை 8

திருநெல்வேலி போனோம், வக்கீல் மீரான் சாகிபைப் பார்க்க. பேச்சியை நான்தான் ஆள் விட்டுக் கூப்பிட்டேன். வந்தாள். வேனில் முன்சீட்டில் உட்கார்ந்துகொண்டாள், நான் பின்னால் படுத்திருந்தேன். வழியெல்லாம் அவள் பின்னந்தலையைத்தான் பார்த்துக்கொண்டு போனேன். இளைத்திருக்கிறாள்.

வக்கீல் மாடியில். என்னால் ஏற முடியாது என்று அவரே இறங்கி வந்து வேன் கதவில் நின்று பேசினார்.

“நாலு வருஷம் வேலை பாத்திருக்காங்க. சரி. இவங்களை வேலைக்கு வச்சது யாரு?”

“நான்தான்” என்றேன். பெருமையாகத்தான் சொன்னேன். அது அவளுக்கு உதவும் என்று நினைத்தேன்.

“டிபார்ட்மென்ட் இவங்களுக்கு ஒரு ஆர்டர் குடுத்திருக்கா?”

“இல்ல. நான் லீவு எழுதும்போது இவ பேர எழுதுவேன். என் சொந்தப் பொறுப்புலன்னு கையெழுத்துப் போடுவேன். ஒவ்வொரு தடவையும் போட்டிருக்கேன்.”

வக்கீல் கண்ணாடியைக் கழற்றினார். “அங்கதாம்மா பிரச்சனை. எத்தன வருஷம் வேலை பாத்தாங்கங்கிறது இல்ல கேள்வி. வேலைக்கு எடுத்தது யாருங்கிறதுதான் கேள்வி. முறைப்படி எடுக்காத பதிலாள், பத்து வருஷம் இருந்தாலும் உரிமை கேட்க முடியாதுன்னுதான் எதிர்த்தரப்பு சொல்லும். கோர்ட்டும் பெரும்பாலும் அதைத்தான் ஏத்துக்கும். நீங்களே கையெழுத்துப் போட்டுக் குடுத்திருக்கீங்களே. சட்டப்படி இவங்க அரசாங்கத்தோட ஆள் இல்ல, உங்க ஆள்.”

பேச்சி முன்சீட்டிலிருந்து இறங்கி வந்தாள்.

“சார், நான் அக்காவுக்கு வீட்டு வேலயா பாத்தேன்? முத்திர சர்க்காரு முத்திர. ரூவா சர்க்காரு ரூவா. ஒரு பைசா கொறஞ்சா என்னயத்தான கேட்டாவ? வெள்ளம் வந்தப்பம் பைய தலயில வச்சி இடுப்பளவு தண்ணியில கொண்டுபோயிக் குடுத்தேன். அன்னைக்கு அக்கா ஆஸ்பத்திரில கெடந்தாவ. அன்னைக்கு நான் யாரு ஆளு?”

மீரான் சாகிப் கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டார். “நீ கேக்குறது நியாயம்மா” என்றார். “கேஸ் போடலாம். நான் பீஸ் வாங்காமலே போடுறேன். ஆனா ஜெயிக்கும்னு சொல்லி உன்னை ஏமாத்த மாட்டேன். அந்தம்மா லீவுல இருக்கும்போதே உன்னை நிறுத்தியிருந்தா வாதாட ஒரு பிடி கிடைச்சிருக்கும். இப்ப அதுவும் இல்ல.”

அவர் என்னைப் பார்க்கவில்லை. பார்க்காமல் இருக்க முயற்சி பண்ணினார்.

திரும்பி வரும்போது சீவலப்பேரி தாண்டிய பிறகு பேச்சி திரும்பாமலே கேட்டாள். “நான் ஒங்க ஆளாக்கா?”

‘நம்ம ஆளுட்டி நீ’ என்று எத்தனை தடவை அவளைக் கொஞ்சியிருப்பேன். இன்று அந்த வார்த்தையை வாயில் எடுக்க முடியவில்லை.

ஜூலை 21

கேஸ் வேண்டாம் என்று வக்கீலுக்குச் சொல்லிவிட்டாளாம். மதினிதான் வந்து சொன்னாள். மகளைக் காலேஜில் சேர்க்கக் கட்டிய பணத்தைத் திருப்பி வாங்கவும் முடியவில்லையாம்.

ஆகஸ்ட் 9

புது போஸ்ட்மாஸ்டர் வந்துவிட்டாள். பெயர் கீர்த்திகா. தர்மபுரிப் பக்கம் ஏதோ ஊர், பத்தாவதில் ஐந்நூறுக்குப் பக்கத்தில் மார்க்காம். பார்த்தால் இன்னும் பத்தாவது படிக்கிற பிள்ளை மாதிரிதான் இருக்கிறாள். வெறுக்க வேண்டும் என்று தயாராக இருந்தேன். வந்த அன்றே அம்மாவோடு போனில் பேசி விக்கி விக்கி அழுதாள். கதவுக்கு இந்தப் பக்கம் கேட்டுக்கொண்டு கிடந்தேன். என்னத்தை வெறுப்பது?

முன்னறையையே வாடகைக்குத் தருவீங்களா என்று கேட்டாள். சரி என்றேன். ஊருக்குத் தபால் ஆபீஸ் வேண்டுமே.

ஆகஸ்ட் 23

பேச்சி வந்தாள்.

பத்து மணி இருக்கும். முன்னறையில் அவள் குரல் கேட்டதும் எனக்கு உயிர் வந்தது. அந்தப் பிள்ளை கீர்த்திகா, “சொல்லுங்கக்கா, என்ன வேணும்?” என்று கேட்டாள்.

“ஒண்ணும் வேண்டாம்மா. உள்ள ஒரு ஆளப் பாக்கணும்.”

“அப்ப அந்தப் பக்கமா சுத்தி வாங்கக்கா. ஆபீஸ் வழியா வெளியாளுங்களை விடக் கூடாதாம்.”

பேச்சி சுற்றிக்கொண்டு, பின்வாசல் வழியாக வந்தாள்.

எர்ணாகுளம் போகிறாளாம், புருஷன் வேலை பார்க்கிற ஓட்டலுக்கே. பாத்திரம் தேய்க்க ஆள் வேண்டுமென்று சொன்னார்களாம். மகள் ஆஸ்டலில் இருப்பாள். சாயங்காலம் பஸ். சொல்லிக்கொண்டிருக்கும்போதே கொடியில் கிடந்த துண்டை எடுத்து நனைத்துப் பிழிந்து என் முதுகைத் துடைக்க ஆரம்பித்துவிட்டாள்.

“புண்ணு வந்திருக்கேக்கா. யாரும் திருப்பிப் போடலியா?”

“மதினி ராத்திரில போடுவா.”

“பகல்ல?”

மருந்தைத் தேடி எடுத்துப் பூசினாள். ஊதினாள். அந்த மூச்சுப் பட்டதும் என்னால் தாங்க முடியவில்லை.

“என்னய ஏசிட்டுப் போயிருட்டி. வாய்க்கு வந்தத ஏசு. ஒன் வாழ்க்கையில மண்ணள்ளிப் போட்டவ நான். இப்பிடி வந்து தொடச்சி விடாத. என்னால முடியல.”

“ஏசுததுக்கு என்னக்கா இருக்கு? நல்லதுன்னு நெனச்சிதான செஞ்சிய.”

“அப்பிடிச் சொல்லாத. அதுக்கு நீ ஏசிட்டே போயிரலாம்.”

அவள் என்னை இடப்பக்கமாக ஒருக்களித்துப் படுக்க வைத்தாள், புண் படாமல். தலையணையை முட்டிக்கு நடுவில் வைத்தாள். சேலையை இழுத்துவிட்டாள். முகம் சுவரைப் பார்த்து இருந்ததால் அவளை என்னால் பார்க்க முடியவில்லை. கொஞ்ச நேரம் என் தோளில் கை இருந்தது. அவள் அழுகிறாள் என்று அந்தக் கையில் தெரிந்தது.

“நான் ஒங்ககிட்ட வேலையா கேட்டேன்?” என்றாள். “நீங்க சும்மா படுத்துக் கெடந்திருக்கலாம்லாக்கா.”

கை எடுபட்டது. பின்வாசல் கதவைச் சத்தமில்லாமல் சாத்திவிட்டுப் போனாள்.

திரும்பிப் பார்க்க என்னால் ஆகவில்லை. மதினி வருகிற வரைக்கும் அந்தப் பக்கமாகவே கிடந்தேன்.